மனப்பாடமாகச் சொன்ன சாட்சி

தம்பி,

வியாழக்கிழமை சாயங்காலம் நீ போன் செய்தபோது நான் பாதியிலேயே வைத்துவிட்டேன். அடுப்பில் பால் இருக்கிறது என்றேன். பால் எதுவும் இல்லை. நூலகத்தில் வேலை முடிந்து வந்து கைப்பையைக்கூடக் கீழே வைக்காமல் நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். நீ அவ்வளவு சந்தோஷமாகப் பேசி நான் கேட்டு ரொம்ப நாளாகிறது. "விடுதலைம்மா! நானே தனியா நடத்துன முதல் கொலை கேஸ்" என்றாய். கண்ணால் கண்ட சாட்சி ஒரே ஒரு சின்னப் பெண்தான் என்றும், நீ அவளிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்டாய் என்றும் சொன்னாய். "இதையெல்லாம் நீ யார்கூட உக்காந்து படிச்சேன்னு கேட்டேன். எங்க அத்தைகூடன்னு சொல்லிடுச்சு. அவ்ளோதான், கேஸ் முடிஞ்சுது." அப்பீல் போவார்களா என்று கேட்டேன். போனாலும் நிற்காது, விடுதலையானவனை நிரபராதி என்று இரண்டு மடங்கு நம்ப வேண்டும், இரண்டு விதமாகப் பார்க்க இடமிருந்தால் மேல்கோர்ட் கை வைக்கக் கூடாது என்று எனக்குப் பாடம் நடத்தினாய். அந்தப் பெண்ணுக்கு என்ன வயது என்று கேட்டேன். "பதிமூணு, பதினாலு இருக்கும். ஏம்மா?" அதற்குத்தான் பால் பொங்குகிறது என்று சொல்லி வைத்துவிட்டேன்.

அந்த "ஏம்மா"வுக்குப் பதில் எழுதுகிறேன். நீளமாகத்தான் இருக்கும். உன் ஆபீஸில் இருக்கிற மற்றப் பிள்ளைகளுக்கும் படிக்கக் கொடு, எனக்கு ஆட்சேபனை இல்லை. உன் தாத்தா வாய்க்கால் தகராறில் இறந்துபோனார் என்பது மட்டும்தான் உனக்குத் தெரியும். யார் வெட்டினார்கள் என்று நீ கேட்டதில்லை. கேட்டிருந்தாலும் நான் சொல்லியிருக்க மாட்டேன். வருஷா வருஷம் தை மாதம் வெள்ளிமலையிலிருந்து உனக்குச் சாமையும் புளியும் மூட்டை கட்டி அனுப்புகிறாளே, நீ சட்டம் படித்து முடித்ததும் கறுப்புக் கோட்டுக்குத் துணி எடுத்துக் கொடுத்தாளே வசந்தா பெரியம்மா, அவளுடைய அப்பாதான் வெட்டினார். என் அப்பாவின் கூடப்பிறந்த அண்ணன். பார்த்தது நான். அப்போது எனக்கு உன் சாட்சியின் வயதுதான்.

எங்கள் ஊர் கச்சிராயபாளையத்துக்கும் மலையடிவாரத்துக்கும் நடுவில் என்பது உனக்குத் தெரியும். கோமுகி அணையில் தண்ணீர் திறந்தால் எங்கள் வாய்க்காலுக்கு வரும். அப்பாவும் பெரியப்பாவும் பாகம் பிரித்தபோது நிலத்தைப் பிரித்தார்கள், வீட்டை நடுச்சுவர் வைத்துப் பிரித்தார்கள். மடையை மட்டும் பிரிக்க முடியவில்லை. ஒரே மடைதான். ஒரு நாள் தண்ணீர் அப்பாவுக்கு, அடுத்த நாள் பெரியப்பாவுக்கு. விடிந்தால் முறை மாறும். நடுச்சுவர் பெரியவர்களுக்குத்தான் இருந்தது. வசந்தா அக்கா என்னைவிட ஒரு வயது மூத்தவள், ஒரு வருஷம் பெயிலாகி என் வகுப்புக்கே வந்து சேர்ந்திருந்தாள். நான் சத்தமாகப் படிப்பேன், அவள் கொல்லையில் பாத்திரம் விளக்கிக்கொண்டே கேட்பாள். "நீ படிடி, நான் பாஸ் பண்றன்" என்பாள். பாஸும் பண்ணினாள். என் குரலில் கேட்டால்தான் அவளுக்குப் பாடம் ஏறும் என்று வாத்தியார்களிடமே பெருமையாகச் சொல்வாள். எனக்கு அதைவிடப் பெரிய பரிசு எந்தப் பள்ளிக்கூடத்திலும் கிடைத்ததில்லை.

இட ஒதுக்கீடு கேட்டு எங்கள் பக்கத்து ஜனங்கள் சாலையில் உட்கார்ந்த வருஷங்கள் அவை. வீட்டுக்கு ஓர் ஆள் மறியலுக்கு வர வேண்டும் என்று ஊர்க்கூட்டத்தில் முடிவானது. உளுந்தூர்பேட்டைப் பக்கம் நெடுஞ்சாலையில் புளியமரங்களை வெட்டிக் குறுக்கே போட்டிருந்தார்கள். பஸ் இல்லை, பள்ளிக்கூடம் இல்லை, பேப்பர் வரவில்லை. எனக்குப் பேப்பர் வராததுதான் பெரிய துக்கம். திரும்பி வர பஸ் இருக்காது என்று தன் சைக்கிளையும் தூக்கிப் போட்டுக்கொண்டு முதல் லாரியில் பெரியப்பா ஏறினார். ஏறும்போது என்னைக் கூப்பிட்டு, "பாப்பா, இன்னா மூஞ்ச தூக்கி வச்சிகினு நிக்கற? ஒனக்காவத்தான் போறன். நம்ம வூட்ல காலேஜ் போற ஆளு நீதான்" என்றார். இரண்டாவது லாரியில் அப்பா வருவதாகப் பேச்சு. அதற்குள் எங்கள் பக்கத்திலும் மரம் விழுந்து இரண்டாவது லாரி கிளம்பவே இல்லை. அப்பா ஊரிலேயே தங்கிவிட்டது பெரியப்பாவுக்குத் தெரிந்திருக்க வழியில்லை. இந்தச் சின்ன விஷயத்தை ஞாபகம் வைத்துக்கொள், பிறகு வேண்டும்.

மறுநாள் அப்பாவின் முறை. விடிந்து கொஞ்ச நேரத்தில் கூழ்த்தூக்கை எடுத்துக்கொண்டு போனேன். மடையில் அப்பாவும் பெரியப்பாவும் எதிரெதிரே நின்றார்கள். கரையில் நான் நின்ற இடத்திலிருந்து முப்பது அடி இருக்கும். "நீ லாரில போவல?" என்று பெரியப்பா கேட்டார். "லாரி எங்க போச்சி? நீ எப்பண்ணே வந்த? வந்தவன் எம் முறைத் தண்ணிய திருப்பிகினு நிக்கற?" என்று அப்பா கேட்டார். "கரும்பு காயுதுடா." "எனுக்கு மட்டும் காயலயா?" அதற்கப்புறம் மண்வெட்டி. அதை நான் எழுத மாட்டேன். எழுதிய காலம் ஒன்று உண்டு, அதைத்தான் சொல்ல வருகிறேன். பெரியப்பாவின் சைக்கிள் பம்ப்செட் சுவரில் சாய்ந்திருந்தது. அதன் மட்கார்டில் ஒரு புளியங்கிளை மாட்டிக்கொண்டிருந்தது, இலை வாடாமல். எங்கள் வயல் பக்கம் புளியமரமே கிடையாது. கையில் தூக்கோடு நான் பார்த்துக்கொண்டு நின்றது அதைத்தான். அப்பாவைப் பார்க்க முடியாமல் அதைப் பார்த்தேன்.

போலீஸ் வர இரண்டு நாளாகிவிட்டது. எல்லாரும் மறியல் பந்தோபஸ்துக்குப் போயிருந்தார்கள். அந்த இரண்டு நாளில் எனக்கு ஒரே பயம்தான், மறந்துவிடுவேனோ என்று. பரீட்சைக்கு எப்படித் தயாராவேனோ அப்படியே தயாரானேன். வரலாற்று நோட்டின் பின்பக்கத்தில் பார்த்ததையெல்லாம் வரிசையாக எழுதினேன். எத்தனை அடி, எந்தக் கை, யார் முதலில் என்ன சொன்னார், சைக்கிள், புளியங்கிளை, எல்லாம். பிறகு அதை மனப்பாடம் செய்தேன். இன்ஸ்பெக்டரிடம் அப்படியே சொன்னேன். வழக்கு விசாரணைக்கு வர ஒரு வருஷத்துக்கு மேலாயிற்று. அதுவரைக்கும் தினமும் காலையில் திருக்குறளோடு சேர்த்து அதையும் ஒருமுறை சொல்லிப் பார்த்துக்கொள்வேன். அடுப்படியில் இருந்து அம்மா (உனக்கு ஆயா) கேட்டுக்கொண்டே இருப்பாள். ஒரு வார்த்தை விட்டுப்போனால், "தூக்கு கையில இருந்ததச் சொல்லலியே" என்று எடுத்துக் கொடுப்பாள். எங்கள் இரண்டு பேருக்கும் அது தப்பு என்று தோன்றவே இல்லை. உண்மையைத் தப்பில்லாமல் சொல்ல வேண்டும் என்று நினைத்தோம். எங்களுக்குத் தெரிந்த வழி அது ஒன்றுதான்.

செஷன்ஸ் கோர்ட்டில் பெரியப்பாவின் வக்கீல் மிகவும் மரியாதையான மனிதர். என்னை மிரட்டவே இல்லை. "என்ன பாப்பா படிக்கற?" "பத்தாவது முடிச்சிட்டங்க." "நல்லா படிப்பியா?" "பள்ளிக்கூடத்துல மொத மார்க்குங்க." நீதிபதிகூடச் சிரித்தார். "இப்ப சொன்னியே, இது மனப்பாடமா?" எனக்குப் பெருமையாக இருந்தது, தம்பி. "ஆமாங்க" என்றேன். "எங்க, இன்னொரு தடவ சொல்லு பாக்கலாம்." சொன்னேன். ஓர் எழுத்துக்கூட மாறவில்லை. "வூட்ல யாராச்சும் எடுத்துக் குடுத்தாங்களா?" "எங்கம்மா எடுத்துக் குடுப்பாங்க, எங்கயாச்சும் வுட்டுட்டா." அவர் என்னைப் பார்த்துத் தலையாட்டிவிட்டு உட்கார்ந்தார். வேறு ஒரு கேள்வியும் கேட்கவில்லை. நான் நன்றாகச் சொல்லிவிட்டதால்தான் கேட்கவில்லை என்று நினைத்துக்கொண்டு கூண்டிலிருந்து இறங்கினேன். பெரியப்பாவைப் பார்த்தேன். அவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்தக் கூடத்தில் நான் பொய் சொல்லவில்லை என்று நிச்சயமாகத் தெரிந்தவர்கள் இரண்டே பேர், அவரும் நானும்.

விடுதலை செய்துவிட்டார்கள். புகார் கொடுக்க இரண்டு நாள் ஏன் ஆயிற்று, மறியலில் இருந்ததாக நாலு பேர் சொல்கிறவர் பஸ்ஸே ஓடாத நாளில் எப்படி ஊருக்கு வந்தார், பயந்துபோன ஒரு சிறுமி மட்கார்டில் மாட்டிய இலையையா பார்த்துக்கொண்டிருப்பாள் என்று கேட்டிருந்தார்கள். சிறுமி பாடம் ஒப்பிப்பதுபோல் சொல்கிறாள், தாய் சொல்லிக்கொடுத்ததை ஒப்புக்கொள்கிறாள், சந்தேகத்தின் பலன் எதிரிக்கு. அந்தத் தீர்ப்பை எழுதியவர் கெட்டவர் இல்லை. நீ அவர் இடத்தில் இருந்தாலும் அதைத்தான் எழுதியிருப்பாய். பெரியப்பா மொட்டை போட்டுக்கொண்டு ஊருக்கு வந்தார். நடுச்சுவருக்கு அந்தப் பக்கம் அவர் இருமுவது எங்களுக்குக் கேட்கும். ஆயா ஒரு வாரம் ஒன்றும் சாப்பிடவில்லை. அப்புறம் எழுந்து தலையை முடிந்துகொண்டு அரசு வக்கீல் ஆபீஸுக்குப் போனாள். அந்தக் காலத்தில் செத்தவன் வீட்டார் தாங்களாக அப்பீல் போக முடியாது, அரசாங்கம்தான் போக வேண்டும், கலெக்டருக்கு மனு எழுதிக் கொடுங்கள் என்று அங்கே ஒரு குமாஸ்தா சொல்லியிருக்கிறார். வீட்டுக்கு வந்து என் முன்னால் ஒரு வெள்ளைத்தாளை வைத்தாள். "நல்ல எழுத்தா எழுதுடி. இந்தத் தடவ நீயா எழுது. நான் ஒண்ணும் எடுத்துக் குடுக்கல." நான்தான் எழுதினேன். ஐந்து பக்கம். அரசாங்கம் அப்பீல் போட்டது.

என் அப்பா இறந்ததிலிருந்தே வசந்தா அக்கா என்னோடு பேசவில்லை. ஒரே கிணற்றில் தண்ணீர் சேந்துவோம், முகத்தைப் பார்க்க மாட்டோம். பிளஸ் ஒன்னுக்குக் கள்ளக்குறிச்சிக்குப் போக ஒரே டவுன் பஸ். அவள் முன்னால் ஏறி உட்கார்ந்துகொள்வாள், நான் பின்னால் நிற்பேன். அவள் பின்னங்கழுத்தையும் ரிப்பனையும் பார்த்துக்கொண்டே போவேன். ஒரு நாள் பக்கத்து இடத்தில் தன் புத்தகப்பையை வைத்து யாரையும் உட்காரவிடாமல் வந்தாள். நான் ஏறியதும் பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். "ஒக்காருடி. எம்மா நாளிக்கிதான் நின்னுகினே வருவ?" உட்கார்ந்தேன். கச்சிராயபாளையம் தாண்டியது. கரும்பு லாரி ஒன்றின் பின்னால் பஸ் ஊர்ந்துகொண்டிருந்தது. அப்புறம் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்: "எங்கப்பா பண்ணலன்னு கோர்ட்டே சொல்லிடுச்சி. நீ சின்னப் பொண்ணு, பயத்துல யாரையோ பாத்துட்ட. நான் அதெல்லாம் மனசுல வச்சிக்கல." நான் என்ன சொல்லியிருக்க வேண்டும்? நான் பார்த்தேன் அக்கா என்று சொல்லியிருக்க வேண்டும். சொன்னால் அந்தப் பை மறுபடியும் அந்த இடத்துக்குப் போய்விடும். "ம்" என்றேன். கூண்டில் எந்த வக்கீலாலும் என்னிடமிருந்து வாங்க முடியாததை, பஸ்ஸில் ஒரு சீட்டுக்காக நானே கொடுத்தேன்.

அதற்கப்புறம் வந்த நாலு வருஷம்தான் என் வாழ்க்கையிலேயே நல்ல காலம் என்று சொன்னால் உன் ஆயாவின் ஆத்மா என்னை மன்னிக்காது. ஆனாலும் அதுதான் நிஜம். நான் மறுபடி சத்தமாகப் படித்தேன், அவள் கேட்டாள். பிளஸ் டூவோடு அவள் நின்றுவிட்டாள். நான் கல்லூரிக்குப் போனேன், பெரியப்பா எந்த ஒதுக்கீட்டுக்காக லாரி ஏறினாரோ அதில் கிடைத்த இடம். விடுமுறைக்கு வந்தால் பஸ் நிறுத்தத்தில் வந்து நிற்பாள். "இன்னா காலேஜு, ஒனக்குச் சோறே போடலியா?" என்று என் மணிக்கட்டைப் பிடித்துப் பார்ப்பாள். ஆயா இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரே ஒரு முறை, "அவ நல்ல பொண்ணு. அதுக்கு நாம இன்னா பண்றது" என்றாள்.

ஒரு மாலை மடைப்பக்கம் போய்க்கொண்டிருந்தேன். பெரியப்பா எதிரே வந்தார். நாலு வருஷமாக நாங்கள் ஒருவரையொருவர் தவிர்த்துக்கொண்டிருந்தோம். அன்றைக்கு அவர் நின்றார். "ஹைகோர்ட்லேந்து நோட்டீஸ் வந்து ரொம்ப நாளாவுது" என்றார். "கலெக்டருக்குப் போன மனு நீ எழுதனதுதான? வேற யாரு இருக்காங்க இந்த வூட்ல எழுதறதுக்கு." கோபமாகக் கேட்கவில்லை, தம்பி. மாட்டுக்குத் தண்ணி காட்டினாயா என்று கேட்பதுபோல் கேட்டார். "நெலவரி நோட்டீஸுன்னு வூட்ல சொல்லி வச்சிருக்கன். வசந்தாவுக்குத் தெரியாது. களமருதூர்ல மாப்பிள பாத்திருக்கு. தையில கல்யாணம். அது முடியற வரிக்கும் நீயும் சொல்லாத பாப்பா." நான் தலையாட்டினேன். அப்பாவைக் கொன்றவருக்கு நான் வாக்குக் கொடுத்தேன். அவருக்காக இல்லை. அவள் தெரிந்துகொள்ளக் கூடாது என்பது அவருக்கு எவ்வளவு வேண்டுமோ அவ்வளவு எனக்கும் வேண்டியிருந்தது.

தை பிறக்கவில்லை, அதற்குள் தீர்ப்பு வந்துவிட்டது. ஊர்ப் படிப்பகத்தில் பேப்பரை நான்தான் முதலில் பிரிப்பேன். ஐந்தாம் பக்கத்தில் மூலையில் ஆறேழு வரி. அண்ணன் தம்பி தகராறு, விடுதலை ரத்து, ஆயுள் தண்டனை. ஊர்ப் பெயர் தப்பாக அச்சாகியிருந்தது. அந்தப் பக்கத்தை மடித்துப் பாவாடை இடுப்பில் செருகிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். எத்தனை வருஷம் நான் அந்த வரிகளுக்காகக் காத்திருந்தேன்! என்னை நம்பிவிட்டார்கள், சென்னையில் இரண்டு பெரியவர்கள் உட்கார்ந்து நான் சொன்னதைப் படித்துப் பார்த்து நிஜம் என்று சொல்லிவிட்டார்கள் என்று துள்ளியிருக்க வேண்டும். நடுச்சுவருக்கு அந்தப் பக்கம் கல்யாணத்துக்கு அரிசி புடைத்துக்கொண்டிருந்தார்கள். முறம் தட்டும் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. நான் யாரிடமும் சொல்லவில்லை. ஆயாவிடம்கூட மறுநாள்தான் சொன்னேன். அவள் அப்பாவின் படத்தின் கீழே போய் உட்கார்ந்தாள், அவ்வளவுதான். அடுத்த வாரம் வாரண்டோடு வந்து பெரியப்பாவை அழைத்துப் போனார்கள். அதற்கு அடுத்த வாரம் களமருதூர்க்காரர்கள் நிச்சயத் தாம்பூலத் தட்டைத் திருப்பி அனுப்பினார்கள்.

அன்று மத்தியானம் வசந்தா அக்கா எங்கள் வீட்டுக்குள் வந்தாள். பாகம் பிரித்தபின் அவள் வாசல் வழியாக வந்தது அன்றைக்குத்தான், எப்போதும் கொல்லை வழியாகத்தான் வருவாள். அடுப்படியில் நான் மட்டும் இருந்தேன். "கேஸு முடிஞ்சிபோச்சின்னாங்களேடி. வுட்டுட்டாங்கன்னு சொன்னா வுட்டுட்டாங்கதான? மறுபடியும் எப்பிடி புடிப்பாங்க?" எனக்குத் தெரிந்த சட்டத்தை அவளுக்குச் சொன்னேன். அரசாங்கம் மேலே போகலாம், மேல்கோர்ட் எல்லாச் சாட்சியத்தையும் மறுபடி படித்துப் பார்க்கலாம் என்றேன். கேட்டுக்கொண்டாள். பிறகு என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு கேட்டாள். "மேல போட்டுருக்காங்கன்னு ஒனக்குத் தெரியுமா?"

"தெரியாதுக்கா."

"நெசமா?"

"நெசமா தெரியாதுக்கா."

அவள் என் தோளில் முகத்தை வைத்து அழுதாள். "நீ ஒருத்தியாச்சும் எங்கிட்ட மறைக்கலியே" என்றாள். உண்மையைச் சொன்ன அன்று ஒரு கோர்ட்டே என்னை நம்பவில்லை. பொய் சொன்ன அன்று அவள் ஒரே நொடியில் நம்பிவிட்டாள். அதற்கு மனப்பாடம்கூடத் தேவைப்படவில்லை.

ஹைகோர்ட் தீர்ப்பின் நகலை வாங்கி அகராதியை வைத்துக்கொண்டு படித்தேன். முப்பது பக்கத்துக்கு மேல். உனக்கு ஒரு நாள் தருகிறேன். பஸ் போக முடியாத சாலையில் சைக்கிள் போகும் என்று எழுதியிருந்தார்கள். மறியலில் இருந்ததாகச் சொன்ன நாலு பேரும் ராத்திரிச் சாப்பாட்டுக்கு அப்புறம் அவரைப் பார்த்ததாகச் சொல்லவில்லை என்பதைக் கண்டுபிடித்திருந்தார்கள். மறந்துவிடுவோமோ என்று எழுதிப் படித்த பிள்ளை அதனாலேயே பொய்ப்பிள்ளை ஆகிவிட மாட்டாள் என்று ஒரு வரி. அந்த வரியை நான் எத்தனை முறை படித்திருப்பேன் என்று உனக்குச் சொன்னால் சிரிப்பாய். ஆனால் அடுத்த பக்கத்தில் புளியங்கிளை வந்தது. யாரும் சொல்லிக்கொடுத்து வருகிற விவரம் இல்லை இது, இவர் மறியல் இடத்திலிருந்து இரவெல்லாம் சைக்கிள் மிதித்து வந்திருக்கிறார், ஆகவே கொல்லும் எண்ணத்தோடுதான் வந்திருக்கிறார் என்று எழுதியிருந்தார்கள். அங்கே நின்றுவிட்டேன். தன் தம்பி ஊரில் இல்லை என்று நினைத்துத் தண்ணீர் திருட வந்தவர் அவர். "நீ லாரில போவல?" என்று அவர் கேட்டதற்கு எனக்கு அர்த்தம் புரிந்தது அன்றைக்குத்தான். அதையும் நான் கோர்ட்டில் சொல்லியிருந்தேன், தூக்கு, சைக்கிள் எல்லாவற்றோடும் சேர்த்து ஒரே ராகத்தில். அதை யாரும் தனியாக எடுத்துக் கேட்கவில்லை, எனக்கும் எடுத்துச் சொல்லத் தெரியவில்லை. மண்வெட்டியை ஓங்கியது அவர்தான். அதற்குத் தண்டனை வேண்டாம் என்று நான் சொல்லவே மாட்டேன். ஆனால் இரவெல்லாம் கொலை நினைப்போடு மிதித்தார் என்பது மட்டும் என் இலையில் மற்றவர்கள் படித்தது. பெரியப்பா வீட்டார் மேலே போய்ப் பார்த்த சுப்ரீம் கோர்ட்டிலும் அது அப்படியே நின்றுவிட்டது.

வசந்தா அக்கா அதற்கப்புறம் கல்யாணம் வேண்டாம் என்றுவிட்டாள். அவள் அம்மா இறந்ததும் வெள்ளிமலைக்குப் போய் மலைப்பிள்ளைகளின் விடுதியில் சமையல் வேலையில் சேர்ந்தாள். நிறைய வருஷம் கழித்துப் பெரியப்பா வெளியே வந்தார். உனக்கு மூன்று நாலு வயது இருக்கும், உன்னை இடுப்பில் வைத்துக்கொண்டு போய்ப் பார்த்தேன். விடுதிக்குப் பின்னால் அவள் அறை வாசலில் ஒரு கட்டிலில் உட்கார்ந்திருந்தார். பாதி ஆளாகியிருந்தார். அவள் தண்ணீர் எடுக்கப் போன சமயம் பார்த்து, என்னை நிமிர்ந்து பார்க்காமல், "சொல்லல" என்றார். "மனு எழுதனத நான் சொல்லல. நீயும் அதச் சொல்லிக்காத. ஒன்னயாச்சும் வச்சிக்கட்டும் அவ." அந்த வருஷமே இறந்துபோனார். மகளிடம் தன் விஷயத்தை ஒப்புக்கொண்டாரா என்று எனக்குத் தெரியாது. அவளும் சொன்னதில்லை.

நான் வருஷத்துக்கு ஒரு முறை மலைக்குப் போவது உனக்குத் தெரியும். காற்றுக்கும் குளிருக்கும் போகிறேன் என்று உன் அப்பா கேலி செய்வார். ஒவ்வொரு முறையும் சொல்லிவிடுவது என்றுதான் போவேன். பஸ்ஸில் வளைவு வளைவாக ஏறும்போது வாக்கியங்களைக் கோத்துக்கொண்டே போவேன். மேலே போனதும் அவள் சாமைச்சோறு போடுவாள், நூலகத்துக்கு வந்த புதுப் புத்தகம் எதையாவது படித்துக் காட்டச் சொல்வாள், நான் படிப்பேன், அவள் பாத்திரம் விளக்கிக்கொண்டே கேட்பாள். அந்த ஒரு மணி நேரத்துக்காக ஒரு வருஷம் ஏங்குகிறவள் நான், அதை எப்படி என் கையால் உடைப்பது? சாயங்கால பஸ்ஸில் ஏற்றிவிட வருவாள். பஸ் கிளம்பும்போது ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு கேட்பாள். "வேற ஒண்ணும் இல்லியே?" நான் "இல்லக்கா" என்பேன். எத்தனையோ வருஷமாக இதே கேள்வி, இதே பதில். அது வழியனுப்புகிறவர்கள் எல்லாரும் கேட்பதுதான் என்று நினைத்திருந்தேன். வியாழக்கிழமை நீ பேசி முடித்ததிலிருந்து, அவள் நிஜமாகவே கேட்டுக்கொண்டிருக்கிறாளோ என்று தோன்றுகிறது.

உன்னைக் குற்றம் சொல்ல இதை எழுதவில்லை. நீ கேட்ட கேள்வி கேட்க வேண்டிய கேள்விதான். உன் கட்சிக்காரர் நிரபராதியாகக்கூட இருக்கலாம், அது எனக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்ததை மட்டும் சொல்கிறேன். அந்தப் பெண் இப்போது ஏதோ ஒரு வீட்டில் உட்கார்ந்து, தான் நன்றாகத்தானே படித்தோம், எங்கே தப்பானது என்று யோசித்துக்கொண்டிருக்கும். உன் வெற்றியை நாலு பேரிடம் சொல்லும்போது அதைச் சிரிப்புக்கதையாகச் சொல்லாதே. உன் கட்சிக்காரருக்குப் பிள்ளைகள் இருந்தால், விடுதலை என்றால் முடிந்துவிட்டது என்று அவர்களை நம்பவிடாதே. அப்பீல் காலம் என்று ஒன்று இருக்கிறது, இப்போது செத்தவர் வீட்டாரே நேராகப் போகலாம், நோட்டீஸ் வந்தால் அப்பாவைக் கேளுங்கள் என்று அவர்களிடம் நீயே சொல். அது உன் வேலை இல்லை என்பாய். எங்கள் கேஸ் வக்கீல்களும் அப்படித்தான் நினைத்தார்கள். ஒருவர் வசந்தா அக்காவிடம் சொல்லியிருந்தால் அவள் கல்யாணத்துக்கு அரிசி புடைக்காமல் கொஞ்சம் பொறுத்திருப்பாள். அவளிடம் நான் பொய் சொல்ல வேண்டி வந்திருக்காது. அல்லது எப்படியும் சொல்லியிருப்பேனோ என்னவோ, அதை எந்த மேல்கோர்ட்டும் எனக்குத் தீர்த்துத் தர முடியாது.

ஞாயிற்றுக்கிழமை நான் மலைக்குப் போகிறேன். தை மாதம் இல்லையே, ஏன் இப்போது என்று அவள் கேட்பாள். அவள் அப்பாவைப் பற்றி நான் ஒன்றும் பேசப் போவதில்லை, அதை அவள் கேட்டால் சொல்வேன். என் பங்கை மட்டும் சொல்லப் போகிறேன். பஸ்ஸில் அந்தப் பை நகர்ந்த அன்று நான் சொன்ன "ம்" பொய், மனு நான் எழுதியது, நோட்டீஸ் வந்தது எனக்குத் தெரியும். அதைக் கேட்டபின் அவள் எனக்குச் சோறு போடுவாளா, உனக்கு இனிமேல் புளி வருமா, தெரியாது. போகாமல் இருந்துவிடலாமா என்று இதை எழுதும்போதே இரண்டு முறை பேனாவை மூடி வைத்தேன். இந்தத் தடவை பஸ்ஸில் வாக்கியம் கோக்க மாட்டேன். நோட்டில் எழுதவும் இல்லை, ஒரு முறைகூடச் சொல்லிப் பார்க்கவும் இல்லை. வாயில் எப்படி வருகிறதோ அப்படி வரட்டும். பகலெல்லாம் சொல்ல முடியாமல் போனாலும் போகலாம், என்னை எனக்குத் தெரியும். ஆனால் சாயங்காலம் அவள் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு "வேற ஒண்ணும் இல்லியே?" என்று கேட்பாள். கண்டக்டர் விசில் ஊதினாலும் ஊதட்டும். நான் பையை எடுத்துக்கொண்டு பஸ்ஸைவிட்டு இறங்கிவிடுவேன்.

ராத்திரி போன் எடுக்கவில்லை என்றால் பயப்படாதே. மலையில் சிக்னல் கம்மி.

அம்மா